முயல் வருஷத்தில் பிறந்தவர்

பதின்மூன்று வயதில் நாகோஷி வீட்டுக்கு வேலைக்கு வந்தேன். அந்த வீட்டின் ஒரே பிள்ளை தாமோனுக்கு அப்போது பன்னிரண்டு. முயல் வருஷத்தில் பிறந்தவர். எங்கள் ஊரில் பன்னிரண்டு மிருகங்களின் பெயரில் வருஷங்கள் சுற்றிவரும். அவர் முயல் என்பதைச் சொல்லித்தான் தொடங்கவேண்டும், ஏனென்றால் அவருடைய வயதைக் கண்ணால் பார்த்தவள் என்று இன்று மிஞ்சியிருப்பது நான் ஒருத்திதான். மற்றவர்களெல்லாம் கேள்விப்பட்டவர்கள்.

நாகோஷிகள் ஒன்றும் பெரிய இடம் இல்லை. கோட்டையின் வடக்கு வாசலில் காவல், ஆறு தலைமுறையாக அதே வாசல். இடுப்பில் இரண்டு வாள் செருகிக்கொள்ளலாம், வருகிறவர் போகிறவரை முறைக்கலாம், அவ்வளவுதான் அதிகாரம். ஆனாலும் எஜமானிக்கு, அதாவது தாமோனின் அம்மாவுக்கு, கோட்டையே தங்கள் தோளில்தான் நிற்கிறது என்று நினைப்பு. நான் மீனவக் குடியில் பிறந்தவள். எங்கள் வீட்டில் படகு உடைந்தால் இன்னொன்று கட்டுவோம். இவர்கள் வீட்டில் ஓர் ஆள் தவறினால் வீடே இல்லாமல் போய்விடும் என்பது முதல் குளிர்காலத்திலேயே எனக்குத் தெரிந்துவிட்டது.

அந்த வருஷம் பனி மிகவும் கடுமை. பெரிய எஜமான், தாமோனின் அப்பா, கூரை ஏறிப் பனியைத் தள்ளும்போது வழுக்கி விழுந்தார். மூன்று நாள் கிடந்துதான் இறந்தார். சட்டம் இப்படி: குடும்பத் தலைவர் சாகும்போது வாரிசு இருக்கவேண்டும், வாசலில் நிற்க அந்த வாரிசுக்குப் பதினேழு வயது ஆகியிருக்கவேண்டும். ஆகவில்லை என்றால் வாசல் வேறொருவருக்குப் போகும், குடும்பம் தெருக்கோடிக்கு இறங்கும். இறங்கியவர்களில் திரும்பி ஏறிய யாரையும் நான் பார்த்ததில்லை.

எங்கள் ஊரில் பிள்ளை பிறந்ததும் கோட்டைக்குச் சொல்லமாட்டார்கள். அம்மை வந்து தப்பித்தால்தானே பிள்ளை? தாமோனின் பெயரும் அதுவரை எந்தப் புத்தகத்திலும் ஏறவில்லை. எஜமான் கிடந்த அந்த மூன்று நாளுக்குள்ளேயே எதிர்வீட்டுக் கதகிரிப் பெரியவர் வந்து எஜமானியோடு கணப்புச் சட்டியின் பக்கத்தில் உட்கார்ந்தார். நான் கரி போட்டுக்கொண்டிருந்தேன்.

“பதினேழுன்னு எழுதிடலாம்,” என்றார் பெரியவர். “சாட்சி முத்திரை நான் போடறேன்.”

“அஞ்சு வருஷம் கூட்டணுமே. அவனுக்கு இன்னும் குரல்கூட உடையலை.”

“எங்க அண்ணனுக்கு மூணு கூட்டினோம். பக்கத்து வீட்டுல ரெண்டு. இந்தத் தெருவுல சொந்த வயசோட எவன் இருக்கான்? குரல் உடையலைன்னா பேசாம இருக்கச் சொல்லுங்க. காவல்காரன் என்ன பாட்டா பாடணும்?”

மறுநாள் தாமோனின் முன்னெற்றி முடியை மழித்தார்கள். அதோடு ஆள் பெரியவன் என்று கணக்கு. வெட்டிய முடியை எஜமானி ஒரு காகிதத்தில் மடித்து, மேலே தன் கையால் எழுதினார்: ‘முயல் வருஷம். பன்னிரண்டு வயது.’ எழுதி முன்னோர் மாடத்தின் பின்புறம் செருகிவைத்தார். கோட்டையிடம் பொய் சொல்லலாம், செத்துப்போன மாமனாரிடம் எப்படிச் சொல்வது? எனக்கு எழுத்து தெரியாது. அவரே படித்துக் காட்டி, “வெளியில சொன்னே, நாக்கை அறுத்துடுவேன்” என்று அதையும் சேர்த்துச் சொன்னார்.

அதுவரை நான் தாமோனைத் தம்பி என்றுதான் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன். வீட்டின் பின்னால் ஒரு மேடு உண்டு. வேலை முடிந்ததும் உடைந்த கதவுப் பலகையை எடுத்துப்போய் இரண்டு பேரும் பனியில் சறுக்குவோம். அன்றும் பலகையை எடுத்துக்கொண்டு போய் நின்றேன். மழித்த தலை குளிரில் நீலம் பாரித்திருக்க, அவர் கொல்லைக் கதவருகே நின்றார்.

“நான் வரக்கூடாதாம், தோகு. இனிமே நான் உனக்கு நாலு வயசு மூத்தவன். அண்ணான்னு கூப்பிடு.”

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். சொல்லி முடிப்பதற்குள் உதடு பிதுங்கிவிட்டது. உள்ளேயிருந்து எஜமானியின் குரல் வந்தது: “ஐயான்னு கூப்பிடுடி.” அன்றிலிருந்து ஐயா.

கீச்சுக் குரலை மறைக்க ‘ம்’ ஒன்றை மட்டும் கற்றுக்கொடுத்தார்கள். முதலில் ஒரு செருமல், பிறகு அடிவயிற்றிலிருந்து ‘ம்’. விறகுக் கொட்டகையில் நாங்கள் இரண்டு பேரும் பழகினோம். நான் அதிகாரியாகக் கேள்வி கேட்பேன், அவர் ‘ம்’ என்பார். சரியாக வராதபோது நான் செய்துகாட்டுவேன். “உன் ‘ம்’ என்னோடதைவிட நல்லா இருக்கு. நீயே போய் வாசல்ல நில்லேன்,” என்பார். வாள் தரையைத் தேய்க்க, மூக்கு ஒழுக, பன்னிரண்டு வயதுப் பிள்ளை பெரிய ஆண்கள் நடுவில் போய் நின்றது. அங்கிருந்தவர்கள் எல்லாருக்கும் தெரியும். ஒருவரும் வாய் திறக்கவில்லை. அவரவர் வீட்டிலும் அதேபோல ஒன்று இருந்தது.

குரல் உடைந்த பிறகும் அந்த ‘ம்’ போகவில்லை. சந்தோஷத்துக்கும் அதுதான், கோபத்துக்கும் அதுதான். அவரை ஊரில் கர்வம் பிடித்தவர் என்பார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். பேசவேண்டிய வயதில் வாயைக் கட்டிவைத்த பிள்ளை வேறு எப்படி இருக்கும்?

அவர் இரண்டு வயதோடு வாழ்ந்தார். கூட்டிய ஐந்து வருஷத்தால் வெளியில் நாய் வருஷக்காரர், உள்ளே முயல் வருஷக்காரர். கோயிலில் நாய் வருஷத்துக்கு உரிய தாயத்தை எல்லார் முன்னாலும் வாங்குவார். வீட்டுக்கு வந்து அதை அடுப்பில் போட்டுவிடுவார். கல்யாணத்தில் பெண் மினேக்கு இருபத்தொன்று, மாப்பிள்ளைக்கு இருபத்தைந்து என்று சொல்லிக் கட்டிவைத்தார்கள். பத்து நாள் கழித்து உண்மை தெரிந்ததும் மினேயம்மா சமையலறைக்கு வந்து என் தோளைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். “மூத்தவரைக் கட்டிக்கிட்டேன்னு ஊரெல்லாம் சொல்லிட்டு வந்தேன், தோகு. இப்பப் பாத்தா எனக்கு இளையவரு. இனிமே நான் அதட்டலாமில்ல?” அதட்டவும் செய்தார். அந்த வீட்டில் சிரிப்புச் சத்தம் கேட்ட வருஷங்கள் அவை.

மூத்த பிள்ளை எட்டு வயதில் அம்மையில் போனான். பிறகு பிறந்தவள் சிஸே. அவளுக்குப் பின் ஒன்றும் தங்கவில்லை. எதிர்வீட்டில், சாட்சி முத்திரை போட்ட கதகிரிப் பெரியவர் காலமாகி அவர் மகன் தலைவராக இருந்தார். அவருடைய இரண்டாவது பிள்ளை இயோரி. சிஸேயும் இயோரியும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தே வளர்ந்தவர்கள். இயோரியை வீட்டோடு மாப்பிள்ளையாக எடுத்து, வாரிசாக எழுதிவிடுவது என்று இரண்டு வீடும் பேசி முடித்தது. நாகோஷி வீடும் நிற்கும், சிஸேயும் மனதுக்குப் பிடித்தவனோடு இருப்பாள். எனக்கும் அதே ஆசைதான். அந்தப் பெண் என் முதுகில் வளர்ந்தவள்.

இலையுதிர் காலத்தில் கதகிரி ஒரு தவணை கேட்டார். “எங்க மூத்தவனுக்கு இன்னும் பிள்ளை இல்ல. மருமக மாசமா இருக்கா. வசந்தத்துல பிறந்துடட்டும், அப்புறம் இயோரியை அனுப்பறேன். அதுவரைக்கும் அவன் எங்க வீட்டுக்கும் வேணும்.”

“ம்,” என்றார் தாமோன்.

அவர் போன பிறகு மினேயம்மா விடவில்லை. “பெயரையாவது இப்பவே எழுதிக் குடுத்துடலாமே.”

“நாப்பத்தஞ்சுல என்ன அவசரம்? அப்படியே நான் விழுந்தாலும் படுக்கையில வச்சு எழுதிக்கலாம். அதுக்குத்தானே வழி இருக்கு.”

வழி இருந்தது உண்மை. திடீரென்று படுத்துவிட்டவர் சாகும் படுக்கையிலேயே ஒருவரைப் பிள்ளையாக எடுக்கலாம். கண்காணிப்பு அதிகாரி வீட்டுக்கு வந்து, ஆள் உயிரோடு இருப்பதைப் பார்த்து, மனுவில் முத்திரை வாங்கிப் போவார். ஆனால் ஐம்பது வயது வரைக்கும்தான் அது. ஐம்பதைத் தாண்டியவரைப் பார்த்து, இவ்வளவு காலம் என்ன செய்துகொண்டிருந்தாய் என்று கேட்டுவிட்டுப் போய்விடுவார்கள். இது எங்கள் தெருவில் எல்லாருக்கும் மனப்பாடம். அவருக்கும்தான். ஆனால் வீட்டுக்குள் செருப்பைக் கழற்றும்போது அவர் நாய் வருஷத்தையும் கழற்றிவைத்துவிடுவார். வீட்டுக்குள் இருந்துகொண்டுதான் அந்தக் கணக்கைப் போட்டார்.

கடைசி மாதத்தில் வயிற்று வலியில் படுத்தார். கஞ்சிகூட நிற்கவில்லை. வருஷம் முடிய மூன்று நாள் இருக்கும்போது சிஸே கேட்டாள்: “அதிகாரியைக் கூப்பிட்டுடலாமா, அம்மா?”

“ஊரே பண்டிகைக்கு அரிசி இடிச்சுக்கிட்டிருக்கு. இப்பப் போயி சாவுக்கு ஆள் கூப்பிடறதா?” என்றார் மினேயம்மா. “இன்னைக்கு முகம் தெளிவா இருக்கு. பண்டிகை போகட்டும்.”

நானும் தலையாட்டினேன். எந்தத் தலையை ஆட்டினேனோ அதைத்தான் அதன்பிறகு எத்தனையோ முறை சுவரில் முட்டிக்கொண்டேன். எங்கள் ஊரில் யாருக்கும் தனியாகப் பிறந்தநாள் கிடையாது. புது வருஷத்தன்று எல்லாருக்கும் ஒரு வயது கூடும். வீட்டுக்குள் அவருக்கு நாற்பத்தாறு ஆகப்போகிறது என்று நாங்கள் இருந்தோம். கோட்டைப் புத்தகத்தில் ஐம்பதுக்குப் பிறகு என்ன வரும் என்று மூன்று பெண்களில் ஒருத்திக்கும் தோன்றவில்லை.

புது வருஷக் காலையில் அரிசி உருண்டை போட்ட சூப்பைக் கரண்டியால் ஊட்டினேன். பாதிக் கிண்ணம் குடித்தார். “முயலுக்கு நாப்பத்தாறு, தோகு,” என்றார். இந்த வருஷத்தைப் பார்த்துவிட்டார் என்று எனக்கு அவ்வளவு சந்தோஷம். கொல்லைக்குப் போய் அழுதுவிட்டு வந்தேன்.

ஐந்தாம் நாள் விடியும்போது உயிர் போய்விட்டது.

அதற்கும் எங்கள் ஊரில் ஒரு முறை உண்டு. அழக்கூடாது. படுக்கையைச் சுற்றி மடக்குத் திரையை நிறுத்தவேண்டும், மருந்துக் கிண்ணத்தைப் பக்கத்தில் வைக்கவேண்டும், நோயாளி மோசமாக இருக்கிறார் என்று அதிகாரிக்குச் சொல்லி அனுப்பவேண்டும். திரைக்குப் பின்னால் யாராவது ஒருவர் உட்கார்ந்து இறந்தவருக்காகப் பதில் சொல்வார். அதிகாரிகளுக்கும் இது தெரியும். மனுஷத்தனம் உள்ளவர்கள் திரைக்குப் பின்னால் எட்டிப்பார்க்க மாட்டார்கள். அவருடைய ‘ம்’ என்னைத் தவிர வேறு யாருக்கு வரும்? நான் உட்கார்ந்தேன்.

நண்பகலில் அதிகாரி இசோபே வந்தார். வயதானவர், சாந்தமானவர். கூட எழுத்தன் ஒருவன், மூக்குக்கும் புத்தகத்துக்கும் இடைவெளி இல்லாமல் படிக்கிற ரகம். கதகிரியும் இயோரியும் ஒருபக்கம், மினேயம்மாவும் சிஸேயும் மறுபக்கம். திரையின் இடுக்கு வழியாக எனக்கு எல்லாம் தெரிந்தது. ஐயாவின் கை என் மடியில் இருந்தது. விறைக்கத் தொடங்கியிருந்தது.

“நாகோஷி, உடம்பு எப்படி இருக்கு?”

செருமினேன். “ம்.”

“எழுந்திருக்க வேணாம், படுத்தே இரு. கதகிரி வீட்டு ரெண்டாவது பையனை வாரிசா எடுத்துக்க உனக்குச் சம்மதம்தானே?”

“ம்.”

“நல்லது. முத்திரை போட்டுடலாம். வழக்கப்படி புத்தகத்தை ஒரு தடவை படிச்சுடு,” என்று எழுத்தனிடம் சொன்னார்.

அவன் படித்தான். “நாகோஷி தாமோன். வடக்கு வாசல். நாய் வருஷம். புது வருஷத்தோட அம்பத்தொண்ணு.”

இசோபே கண்ணை மூடிக்கொண்டார். “திரும்பப் படி,” என்றார். அவன் திரும்பப் படித்தான். ஐந்தே நாள் முன்னால் வந்திருந்தால் ஐம்பது.

“ஐயா, இல்லீங்க, அவருக்கு அவ்வளவு...” மினேயம்மா எழுந்துவிட்டார். நேராக முன்னோர் மாடத்துக்குப் போய்ப் பின்னால் கைவிட்டு அந்தக் காகிதப் பொட்டலத்தை எடுத்தார். முப்பத்துநாலு வருஷமாக யாரும் தொடாத பொட்டலம்.

இசோபே நிதானமாகக் கேட்டார். அந்த மனுஷர் எங்களுக்கு ஒரு வழிவிடத்தான் கேட்டார் என்று இன்றும் நம்புகிறேன். “புத்தகத்துல பிழை இருக்குதுன்னு யாராவது சொல்றீங்களா? இருந்தா விசாரிக்கலாம். பிழையா எழுதிக் குடுத்தது யாரு, சாட்சி யாருன்னு பாத்து எழுதணும்.”

“சாட்சி, கதகிரி,” என்று கேட்காமலே படித்தான் எழுத்தன்.

கதகிரியின் தலை பாயைத் தொடும் அளவுக்குக் குனிந்தது. செத்துப்போன அவருடைய அப்பாவின் முத்திரைதான், ஆனால் தண்டனை வீட்டுக்கு. இயோரி “ஐயா,” என்று ஆரம்பித்தான். கதகிரி குனிந்தபடியே மகனின் முழங்காலைப் பிடித்து அழுத்தினார். பையன் நிறுத்திவிட்டான். அவனைச் சிஸே பார்த்தாள். அந்தப் பார்வையை நான் திரைக்குப் பின்னாலிருந்து பார்த்தேன். பார்த்திருக்க வேண்டாம்.

அவள் எழுந்துபோய் அம்மாவின் கையிலிருந்த பொட்டலத்தின் மேல் தன் கையை வைத்தாள்.

“அப்பாவுக்கு அம்பத்தொண்ணு,” என்றாள். “அம்மா பயத்துல உளர்றாங்க. புத்தகத்துல இருக்கறது சரிதான்.”

“அது என்ன கையில?” என்றான் எழுத்தன்.

“அப்பாவோட முடி. ஏதாவது ஆச்சுன்னா கூட வைக்கறதுக்கு.”

எனக்குக் கத்தவேண்டும்போல இருந்தது. எனக்கு நாற்பத்தேழு, இவர் எனக்கு ஒரு வயது இளையவர், இதே கொல்லையில் என்னோடு பனியில் சறுக்கியவர் என்று அந்த எழுத்தனின் மூக்கின்மேல் கத்தவேண்டும். கத்தினால் திரைக்குப் பின்னால் இருப்பது வேலைக்காரி என்று தெரிந்துபோகும். பிணத்துக்குக் குரல் கொடுத்த குற்றமும் சேரும். வாயைக் கட்டிக்கொண்டு எப்படி நிற்பது என்பது அந்தப் பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்குத் தெரிந்திருந்தது. எனக்கு அன்றுதான் தெரிந்தது.

இசோபே முத்திரை இல்லாத மனுவை மடித்து மடியில் வைத்துக்கொண்டார். “என் கையில ஒண்ணும் இல்ல,” என்றார். கிளம்பும்போது திரையின் பக்கம் திரும்பித் தலை வணங்கினார். “நாகோஷி, நல்லா வேலை பாத்தே. ஓய்வெடு.”

பதில் சொல்லவேண்டுமே. சொன்னேன். “ம்.”

அவர்கள் போனதும் மினேயம்மா மகளைப் பிடித்து உலுக்கினார். “ஏண்டி? ஏண்டி அப்படிச் சொன்னே? அந்த வீடு நமக்கு என்ன செஞ்சுது? வாயைத் தொறந்துச்சா ஒண்ணாவது?”

“சொல்லியிருந்தா ரெண்டு வீடும் போயிருக்கும்,” என்றாள் சிஸே. “நம்ம வீடு எப்படியும் நிக்காது. அப்பாவைப் பொய் சொல்லி வாசல்ல நின்னவர்னு எழுதியிருப்பாங்க. இப்ப அந்த முப்பத்துநாலு வருஷமாவது அவருக்கு மிஞ்சும்.” அதன்பிறகுதான் அழுதாள். இயோரியின் பெயரை அன்றும் சொல்லவில்லை, பிறகும் சொல்லவில்லை.

அடுத்து நடந்ததைச் சீக்கிரம் சொல்லிவிடுகிறேன். பதினைந்து நாளில் வீட்டைக் காலி செய்தோம். ஆறு தலைமுறைப் பெயரைப் புத்தகத்தில் ஒரு கோடு இழுத்து அடித்தார்கள். மினேயம்மாவின் தம்பி மலைக்கிராமத்தில் இருந்தார், அங்கே போனோம். நானும் போனேன், வேறு எங்கே போவேன்? மினேயம்மா இரண்டு வருஷம் இருந்தார். சிஸே பட்டுப்புழு வளர்க்கும் வீடு ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தாள், கல்யாணம் செய்துகொள்ளவில்லை. கதகிரி வீட்டில் வசந்தத்தில் ஆண் பிள்ளை பிறந்தது. இயோரி தெற்கு வாசலில் ஒரு வீட்டுக்கு மாப்பிள்ளையாகப் போனான். நல்லவன்தான் என்று இப்போது சொல்கிறேன். அப்போது சொல்லமாட்டேன்.

அவருடைய சவப்பெட்டியை மூடிய காலை மட்டும் பாக்கி இருக்கிறது.

கோயில் துறவி பெயர்ப்பலகையில் எழுத வயதைக் கேட்டார். மினேயம்மா மகளைப் பார்த்தார். “அம்பத்தொண்ணு,” என்றாள் சிஸே. கோயிலிலும் புத்தகம் உண்டு, அங்கும் கதகிரியின் சாட்சி உண்டு. துறவி எழுதினார். கல்லிலும் அதுதான் ஏறியது. இன்று அந்தக் கல்லைப் பார்க்கிறவர்கள் நாய் வருஷக்காரர் ஒருவர் அங்கே படுத்திருக்கிறார் என்றுதான் நினைப்பார்கள்.

அவரைக் குளிப்பாட்டி, எங்கள் வழக்கப்படி பெட்டிக்குள் உட்காரவைத்தது நான்தான். தலையை மழித்தபோது, குளிரில் அன்று போலவே நீலம் பாரித்தது. சிஸே அந்தப் பொட்டலத்தை என் கையில் கொடுத்துவிட்டு அம்மாவை அழைத்துக்கொண்டு சற்றுத் தள்ளிப் போய் நின்றாள். பிரித்தேன். உள்ளே சின்னப் பிள்ளையின் மெல்லிய முடி, கொஞ்சம்கூட நரைக்காமல் இருந்தது. எழுத்து தெரியாவிட்டாலும் அந்தக் காகிதத்தில் இருப்பது எனக்குத் தெரியும். முடியை அவர் கைக்குள் வைத்து, காகிதத்தை எழுத்து வெளியே தெரியும்படி மார்புத் துணிமடிப்பில் செருகிவைத்தேன். போகிற இடத்தில் யாராவது கேட்டால் அதைக் காட்டட்டும்.

மூடி போடும் ஆட்கள் காத்துக்கொண்டிருந்தார்கள். நான் குனிந்து அவர் காதருகே, “தம்பி,” என்று கூப்பிட்டேன். ‘ம்’ என்று சொல்ல இந்தமுறை யாரும் இல்லை.